மிட்வே: அந்த வரியை எடுத்துவிடுங்கள்
இரண்டாம் உலகப்போரில் அமெரிக்காவும் ஜப்பானும் பசிபிக் கடலில் மோதிய மிட்வே போர் பற்றிய உங்கள் மகளின் பேச்சுப்போட்டி உரையில், “புறப்படத் தயாராக மேல்தளத்தில் நின்ற ஜப்பானிய விமானங்கள்மேல் குண்டு விழுந்தது” என்பது சரியா என்று கேட்டிருந்தீர்கள். சரியல்ல, எடுத்துவிடச் சொல்லுங்கள். 1942 ஜூன் 4 காலை 10.20 வாக்கில் அமெரிக்க விமானங்கள் குண்டு போட்டபோது, அகாகி, காகா, சோர்யு ஆகிய மூன்று ஜப்பானிய விமானந்தாங்கிக் கப்பல்களிலும் தாக்குதல் விமானங்கள் பெரும்பாலும் கீழ்த்தளக் கொட்டகையில்தான் இருந்தன. மேலே காவல் சுற்றும் சீரோ போர் விமானங்கள் ஏறி இறங்கிக்கொண்டிருந்தன. விமானங்களின் ஆயுதத்தை மாற்றும்படி ஜப்பானியத் தளபதி நகுமோ உத்தரவிட்டிருந்ததால், கழற்றிய குண்டுகள், டார்பிடோக்கள் (நீருக்குள் பாய்ந்து கப்பலைத் தாக்கும் குண்டுகள்), பெட்ரோல் நிரப்பிய விமானங்கள் எல்லாம் அந்த மூடிய இடத்திலேயே கிடந்தன. அகாகி ஒரே ஒரு நேரடிக் குண்டில் எரிந்து அழிந்தது அதனால்தான்.

இன்னொன்று. ஒரு மணி நேரம் முன்பே தாக்கவந்த, ஹார்னெட் என்ற அமெரிக்க விமானந்தாங்கிக் கப்பலின் 15 டார்பிடோ விமானங்களில் ஒன்றுகூடத் திரும்பவில்லை. 30 பேரில் பிழைத்தவர் ஒருவரே. அவர்களுக்கு உரையில் இரண்டு வரியாவது கட்டாயம் வேண்டும்.