கோட்டை எங்கே போச்சு? (வாசகர் கேள்வி-பதில்)

கேள்வி: மகன் ஜெர்மனியில் ஸ்டுட்கார்ட் பக்கம் வேலை பார்க்கிறான். போன மாதம் ஹோஹென்ஸ்டாஃபென் என்று ஒரு மலைக்குப் போனானாம், பேரரசர்கள் இருந்த கோட்டை என்று சொல்லி போட்டோ அனுப்பினான். பார்த்தால் புல்லுக்கு நடுவே குட்டைச் சுவர்தான் கிடக்கிறது. கோட்டை எங்கே போச்சு?
- ஒரு அம்மா, வீரவநல்லூர்

பதில்: மலையை விட்டுக் கீழே இறங்கிப் போய்விட்டது அம்மா. 1070 வாக்கில் கட்டிய கோட்டை அது. 1525-இல் ஜெர்மன் விவசாயிகள் பிரபுக்களுக்கு எதிராகக் கிளம்பினார்களே, அந்தக் கலவரத்தில் கொளுத்திவிட்டார்கள். ஆனால் தீ சுவரையா தின்னும்? அதற்கப்புறம் 1550-களில் கீழே கோப்பிங்கன் ஊரில் கிறிஸ்டோஃப் என்ற கோமகன் தனக்கு அரண்மனை கட்டினார், மேலே சும்மா கிடந்த கல்லையெல்லாம் அதற்குத்தான் இறக்கினார்கள். உங்கள் மகன் கோப்பிங்கனில் அந்த அரண்மனையைப் பார்த்தால் கோட்டையில் பாதியைப் பார்த்த மாதிரி.

இதில் நாம் அவர்களைக் குறை சொல்ல முடியாது. எங்கள் ஆச்சி வீட்டுப் புறவாசலில் துணி துவைக்கிற கல் ஒன்று உண்டு. குப்புறப் போட்டிருந்ததால் யாருக்கும் தெரியவில்லை, ஒருநாள் புரட்டியபோது அடியில் தாமரை இதழ் செதுக்கியிருந்தது. எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். "சும்மா கெடந்துச்சுல, ஒங்க தாத்தா வண்டில போட்டுக் கொண்டாந்தாவ" என்றாள். பாளையங்கோட்டையையே எடுத்துக்கொள்ளுங்கள், கோட்டை இருந்ததற்கு ஊர்ப் பெயரும் மேடை போலீஸ் ஸ்டேஷனும் இன்னும் ஒன்றிரண்டு துண்டுகளும்தானே மிச்சம்!

கேள்வி: அதே மலையில் பழைய தேவாலயம் ஒன்று முழுசாக நிற்கிறதே, அதை மட்டும் எப்படி விட்டுவைத்தார்கள்?
- வாசகர், அம்பாசமுத்திரம்

பதில்: அது உச்சியில் இல்லை, சரிவில் இருக்கிற கிராமத்துக்குள் இருக்கிறது. ஞாயிறுதோறும் ஆள் வந்துகொண்டிருந்த இடம். பார்பரோசா தேவாலயம் என்பார்கள். பார்பரோசா என்றால் சிவந்த தாடி, 1155-இல் பேரரசராக முடிசூடிய முதலாம் ஃபிரெடெரிக்குக்கு இத்தாலிக்காரர்கள் வைத்த பெயர். இப்போது நாம் பார்க்கிற கட்டடம் பெரும்பாலும் 15-ஆம் நூற்றாண்டு வேலை. அதன் சுவரில் கல் வைத்து அடைத்த ஒரு வாசல் இருக்கிறது, 'சீசர் இந்த வழியாகப் போனார்' என்று லத்தீனில் எழுதியிருக்கும், சீசர் என்றால் இங்கே பேரரசர். பேரரசர் மலையிலிருந்து நடந்தே இறங்கி அந்த வாசல் வழியாகத்தான் பூசைக்கு வருவாராம். ஆவணத்தைப் பார்த்தால் அவர் அந்தக் கோட்டையில் தங்கியதற்கு ஒரே ஒரு சான்றுதான், 1181. 1190-இல் சிலுவைப் போருக்குப் போகிற வழியில், இன்றைய துருக்கியில் ஒரு ஆற்றில் மூழ்கிச் செத்தும் போனார். ஒரு தடவை வந்தவருக்கு ஒரு வாசல்! திருச்செந்தூர் சாலையில் எந்த இடிந்த மண்டபத்தைக் காட்டினாலும் 'கட்டபொம்மனுக்கு மணியடிச்ச மண்டபம்' என்று நம்மவர்கள் சொல்வதில்லையா? எனக்கென்னவோ இந்த மாதிரிக் கதை இல்லாத ஊரைப் பார்த்தால்தான் சந்தேகம் வருகிறது.

கேள்வி: ஜெர்மன்காரர்களுக்கு இல்லாத காசா? திரும்பக் கட்டியிருக்கலாமே.
- வாசகர், கோவில்பட்டி

பதில்: காசு இருந்தால் போதாது, கேட்க வாரிசு வேண்டும். அதே மாநிலத்தில் ஹோஹென்ட்சோலர்ன் கோட்டையை 1850-லிருந்து 1867 வரை புதிதாகக் கட்டினார்கள். அதே பெயருள்ள குடும்பம் அப்போது பிரஷ்யா என்ற ஜெர்மன் ராஜ்யத்தை ஆண்டுகொண்டிருந்தது, தாத்தன் கோட்டை என்று செலவழித்தது. நம்ம மலைக்கோட்டைக்குச் சொந்தக்காரர்களான, பார்பரோசா பிறந்த ஸ்டாஃபென் குடும்பத்தின் கடைசி வாரிசு கொன்ராடினை 1268-லேயே நேப்பிள்ஸ் நகரில் தலையை வெட்டிவிட்டார்கள். பதினாறு வயசுப் பையன். பாஞ்சாலங்குறிச்சியில் வெள்ளைக்காரன் தரைமட்டமாக்கிய கோட்டைக்கு 1974-இல் நம் அரசு நினைவுக் கோட்டை கட்டியது, அதைப் பார்த்துவிட்டு "இதுதான் அசல்" என்று நம்பித் திரும்புகிற பள்ளிக்கூடப் பிள்ளைகளை நானே பார்த்திருக்கிறேன். அந்த வகையில் குட்டைச் சுவரே தேவலை என்பது என் கட்சி.

கேள்வி: மலை ரொம்ப உயரமோ? நம்ம கழுகுமலை மாதிரி பாறையா?
- வாசகி, கழுகுமலை

பதில்: 684 மீட்டர். பொதிகை உச்சி 1,868 மீட்டர், அதோடு வைத்துப் பார்த்தால் குன்றுதான். கழுகுமலை ஒரே கெட்டிப் பாறை, அதனால்தான் வெட்டுவான் கோயிலை மேலிருந்து கீழாகக் குடைய முடிந்தது. இந்த மலை அப்படி இல்லை, தலையில் மட்டும் சுண்ணாம்புக்கல், சுமார் 15 கோடி ஆண்டுக்கு முன் கடலடியில் படிந்தது. பக்கத்து மலைத்தொடர் அரித்து அரித்துப் பின்வாங்கிப் போக, இது மட்டும் தனியாக நின்றுவிட்டது. இப்படி நிற்பதற்கு ஜெர்மனில் 'சாட்சி மலை' என்றே பெயர். மலைத்தொடர் ஒரு காலத்தில் இதுவரை நீண்டிருந்தது என்பதற்குச் சாட்சியாம்.

வீரவநல்லூர் அம்மாவுக்கு ஒன்று: அடுத்த தடவை மகன் போனால் அந்த அடைத்த வாசலையும் போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள், இங்கே போடலாம்.