நள்ளிரவில் பொலிஸ் நிலையத்திலிருந்து அழைப்பு வந்தால்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

இங்கிலாந்திலும் வேல்சிலும் 18 வயது நிரம்பாத ஒரு பிள்ளையைப் பொலிசார் பிடித்து விசாரிப்பதென்றால், பொலிசைச் சேராத ஒரு வளர்ந்தவர் அந்தப் பிள்ளையின் பக்கத்தில் இருக்க வேண்டும். மனநலப் பாதிப்பு, கற்றல் குறைபாடு போன்ற காரணங்களால் எளிதில் தடுமாறக்கூடிய பெரியவர்களுக்கும் இதே பாதுகாப்பு உண்டு. அந்த ஆளை 'அப்ரோப்ரியேட் அடல்ட்' என்பார்கள். நான் இங்கே துணையாள் என்று எழுதுகிறேன். பல வருடங்களாகத் தன்னார்வத் துணையாளாகப் பொலிஸ் நிலையங்களுக்குப் போய்வருகிறேன். நம் குடும்பங்களிலிருந்து வந்த கேள்விகள் சிலவற்றுக்கு இங்கே பதில்.

"அக்கா, இரவு ஒரு மணிக்குப் பொலிசிலிருந்து போன் வந்தது. 15 வயது மகனைப் பிடித்து வைத்திருக்கிறோம், துணையாளாக வரமுடியுமா என்று கேட்டார்கள். எனக்கு இங்கிலிஷ் மட்டுமட்டு. சட்டம் ஒன்றும் தெரியாது. நான் போய் என்ன செய்ய?"

போங்கள். சட்டம் தெரிந்திருக்க வேண்டும் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை. சட்டத்தைப் பார்க்கச் சட்டத்தரணி இருக்கிறார். உங்கள் வேலை வேறு: மகனுக்கு ஆலோசனையும் தெம்பும் கொடுப்பது, விசாரணை முறையாகவும் நியாயமாகவும் நடக்கிறதா என்று பார்ப்பது, கேள்வி அவனுக்கும் அவன் பதில் அவர்களுக்கும் விளங்குகிறதா என்று கவனிப்பது. பேசாமல் பார்த்துக்கொண்டு மட்டும் இருக்க நீங்கள் அங்கே வரவில்லை என்பதை விசாரணை தொடங்குமுன் பொலிசாரே உங்களுக்குச் சொல்ல வேண்டும். பொலிசார் எப்படி நடக்க வேண்டும் என்று சொல்லும் விதிக்கோவையில் அப்படியே எழுதியிருக்கிறது.

உங்களுக்கு இங்கிலிஷ் போதாது என்றால், மொழிபெயர்ப்பாளரை ஒழுங்கு செய்வது பொலிசின் பொறுப்பு. போனிலேயே கேட்டுவிடுங்கள். வெட்கப்பட்டு "யெஸ், யெஸ்" என்று தலையாட்டிவிட்டால், பிறகு அந்தத் தலையாட்டலின் பாரம் மகன் தலையில்தான் விழும்.

போனவுடன் கஸ்டடி பதிவேட்டைப் பார்க்கக் கேளுங்கள். எத்தனை மணிக்குக் கொண்டுவந்தார்கள், சாப்பாடு கொடுத்தார்களா, தூங்க விட்டார்களா, மருத்துவரோ தாதியோ பார்த்தார்களா என்பதெல்லாம் அதில் இருக்கும். துணையாளுக்கு அதைப் பார்க்க உரிமை உண்டு. மகனோடு தனியாகக் கதைக்கவும் உரிமை உண்டு. பிள்ளையின் உரிமைகளை நீங்கள் வருமுன்னரே வாசித்திருந்தாலும், உங்கள் முன்னால் அவற்றைத் திரும்பவும் வாசிக்க வேண்டும். எச்சரிக்கை வாசகமும் அப்படித்தான். "நீ எதுவும் சொல்லத் தேவையில்லை, ஆனால் பிறகு நீதிமன்றத்தில் எதை நம்பி வாதாடப் போகிறாயோ அதை இப்போது கேட்கும்போது சொல்லாவிட்டால் உன் வாதத்துக்குப் பாதகமாகலாம், சொல்வதெல்லாம் சாட்சியமாகலாம்" என்பது அதன் சாரம். மூன்று வரிதான். ஆனால் படித்த பெரியவர்களே அதில் தடுக்கி விழுகிறார்கள். "இதை உன் வார்த்தையில் சொல்லு பார்ப்பம்" என்று மகனைக் கேளுங்கள். சொல்ல முடியவில்லை என்றால் அவனுக்கு விளங்கவில்லை. நிறுத்தி, திரும்ப விளக்கச் சொல்லுங்கள்.

நேரக் கணக்கும் தெரிந்திருக்கட்டும். குற்றம் சாட்டாமல் வைத்திருக்கச் சாதாரணமாக 24 மணி நேரம்தான் எல்லை. பாரிய குற்றங்களுக்கு மேலதிகாரி அதை 36 வரை நீட்டலாம்; அதற்கு மேல் போக நீதவான் அனுமதி வேண்டும், மொத்தம் 96-ஐத் தாண்ட முடியாது. இடையில் முதல் 6 மணி நேரத்துக்குள்ளும், பிறகு 9 மணி நேரத்துக்கு ஒருமுறையும், தொடர்ந்து வைத்திருக்கத்தான் வேண்டுமா என்று ஓர் அதிகாரி மீளாய்வு செய்வார். அந்த மீளாய்வில் உங்கள் கருத்தைச் சொல்லலாம். "பிள்ளை இரவு முழுக்கத் தூங்கவில்லை, விடிந்த பிறகு விசாரியுங்கள்" என்பதும் ஒரு கருத்துத்தான்.

"மகனைப் பார்த்த உடனே, 'என்னடா செய்தாய், உள்ளதைச் சொல்லு' என்று கேட்டுவிட்டேன். பொலிஸ்காரர் முன்னால் நாலு வார்த்தை ஏசியும் விட்டேன். அது பிழையா?"

உங்கள் மனம் எனக்கு விளங்குகிறது. பிள்ளையை நேர்மையாக வளர்த்தோம் என்று காட்டும் தவிப்பு அது. ஆனால் ஆம், பிழைதான். அதுவும் ஆபத்தான பிழை.

சட்டத்தரணியோடு மகன் கதைப்பதை வெளியே சொல்லச் சொல்லி எவரும் கேட்க முடியாது. அந்தப் பாதுகாப்பு துணையாளுக்கு இல்லை, தகப்பனாக இருந்தாலும் இல்லை. அவன் உங்களிடம் அழுதுகொண்டு சொன்னது நாளை உங்களையே சாட்சியாக்கலாம். நீங்கள் துணையாளாக வருமுன்னரே அவன் உங்களிடம் குற்றத்தை ஒப்புக்கொண்டிருந்தால், நீங்கள் துணையாளாக இருக்கவே முடியாது. சம்பவத்தில் நீங்கள் பாதிக்கப்பட்டவராகவோ, சாட்சியாகவோ, சம்பந்தப்பட்டவராகவோ இருந்தாலும் அப்படியே.

அதனால் அவனிடம் முதலில் சொல்ல வேண்டியது: "நடந்ததைப் பற்றி என்னிடம் இப்போது ஒன்றும் சொல்லாதே. லோயரிடம் சொல்லு. நான் உன் பக்கத்தில் இருக்கிறேன்." இதே காரணத்துக்காக, அவன் சட்டத்தரணியைத் தனியே சந்திக்கட்டும், நீங்கள் வெளியே நில்லுங்கள்.

ஏசுவதை வீட்டுக்கு வந்த பிறகு வைத்துக்கொள்ளுங்கள். விசாரணை அறையில் தகப்பனும் பொலிஸ் பக்கம் என்று தெரிந்துவிட்டால், பிள்ளை தனியாள் ஆகிவிடுகிறான். தனியான பிள்ளை சீக்கிரம் வீட்டுக்குப் போவதற்காக எதையும் ஒப்புக்கொள்ளும். செய்யாததையும்தான்.

இதை நான் ஒரு முறை பக்கத்தில் இருந்தே பார்த்தேன். நான் இந்த வேலைக்குப் புதிது. பதினான்கு வயதுப் பையன். ஒரே கேள்வியை, "நீ அப்போது அங்கேதான் நின்றாய், இல்லையா?" என்று மாற்றி மாற்றிக் கேட்டார்கள். ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினான். அதிகாரியை இடைமறிப்பது மரியாதையில்லை என்று நான் வாயை மூடிக்கொண்டு இருந்தேன். முடிந்து வெளியே வந்ததும் என்னைக் கேட்டான்: "நான் எதற்கு ஓம் என்று சொன்னேன்?" அந்தக் கேள்வி இன்னும் என்னை விட்டுப் போகவில்லை. இப்போது நான் கையைத் தூக்கி, "அவருக்குக் கேள்வி விளங்கவில்லை, வேறு மாதிரிக் கேளுங்கள்" என்று சொல்கிறேன். "ஐந்து நிமிடம் இடைவேளை வேண்டும்" என்றும் சொல்கிறேன். ஒருவரும் கோபிக்கவில்லை. கோபித்தாலும் சொல்ல வேண்டியதுதான்.

"சட்டத்தரணி வேண்டாம், சீக்கிரம் முடியட்டும் என்று மகள் சொல்கிறாள்."

எல்லாப் பிள்ளைகளும் இதைத்தான் சொல்வார்கள். பொலிஸ் நிலையத்தில் சட்ட ஆலோசனை இலவசம், வருமானம் எவ்வளவு என்றாலும். மகள் வேண்டாம் என்றாலும், அவள் நலனுக்கு அவசியம் என்று பட்டால் சட்டத்தரணியை வரவழைக்கக் கேட்கத் துணையாளுக்குத் தனி உரிமை உண்டு. வந்த பிறகும் அவரைப் பார்க்க மாட்டேன் என்று அவள் பிடிவாதமாக நின்றால் வற்புறுத்த முடியாது. ஆனால் என் அனுபவத்தில், ஆள் வந்து முன்னால் இருந்தால் பிள்ளைகள் கதைக்கத்தான் செய்கிறார்கள். ஆகவே நான் எப்போதும் கேட்டுவிடுவேன்.

"என் தம்பிக்கு 34 வயது, ஸ்கிட்சோஃப்ரினியா. மருந்தில் இருக்கிறார். பிடித்தபோது அமைதியாகக் கதைத்தாராம், அதனால் துணையாள் தேவையில்லை என்று விட்டுவிட்டார்கள். சரிதானா?"

சரியில்லை. அமைதியாகக் கதைப்பது அளவுகோல் அல்ல. 2018-இல் திருத்திய விதிப்படி பார்க்க வேண்டியது இதுதான்: மனநல நிலை காரணமாக, கைது என்றால் என்ன, தன் உரிமை என்ன என்பதை முழுதாக விளங்கிக்கொள்ளவோ பதில் சொல்லவோ அவருக்குக் கஷ்டமாக இருக்கலாமா, கேள்வியின் கனம் தெரியாமல் பதில் சொல்லக்கூடியவரா, குழம்பி, தன்னை அறியாமலே நம்பகமில்லாத தகவல் கொடுக்கக்கூடியவரா, மற்றவர் சொல்வதற்கு எதிர்ப்பில்லாமல் ஒத்துப்போகக்கூடியவரா. இப்படி இருக்கலாம் என்று சந்தேகிக்கக் காரணம் இருந்தாலே போதும். அதை மறுக்கத் தெளிவான ஆதாரம் இல்லாதவரை துணையாளை அழைக்க வேண்டும்.

இந்த விதி பிறந்த கதை லண்டனில்தான். 1972 ஏப்ரலில் கட்ஃபோர்டில் மாக்ஸ்வெல் கொன்ஃபேய் என்பவர் கொல்லப்பட்டார். 18, 15, 14 வயதில் மூன்று பேர் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள். மூத்தவர் எட்டு வயதுப் பிள்ளையின் அளவுக்கே புரிதல் உள்ளவர் என்று மதிப்பிடப்பட்டவர். முதலில் விசாரித்தபோது பெற்றோரோ வேறு துணையோ பக்கத்தில் இல்லை. தண்டனையும் கிடைத்தது. அந்த வாக்குமூலங்களை நம்ப முடியாது என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பை ரத்துச் செய்தது 1975-இல். அதன்பின் நடந்த விசாரணைகளின் வழியே வந்ததுதான் 1984-ஆம் ஆண்டின் பொலிஸ் மற்றும் குற்றச் சாட்சியச் சட்டம். 'பேஸ்' என்று எல்லோரும் சொல்வது அதைத்தான்.

தம்பி விடயத்தில் இப்போது செய்ய வேண்டியது: சட்டத்தரணியிடம் மருந்துச் சீட்டையும் வைத்தியரின் கடிதத்தையும் கொடுங்கள். துணையாள் இல்லாமல் எடுத்த வாக்குமூலத்தைச் சாட்சியத்திலிருந்து நீக்கும்படி நீதிமன்றத்தில் கேட்க அவருக்கு இடம் உண்டு. இனி ஒரு முறை நடந்தால், வீட்டிலிருந்தே நிலையத்துக்குப் போன் பண்ணி, காவலில் இருப்பவர்களுக்குப் பொறுப்பான கஸ்டடி சார்ஜன்டிடம் நோயின் பெயரையும் மருந்தின் பெயரையும் நேரத்தையும் சொல்லிவிடுங்கள். சொன்னதைப் பதிவேட்டில் எழுதச் சொல்லுங்கள்.

ஒரு மனவருத்தம்: பிள்ளைகளுக்குத் துணையாள் ஏற்பாடு செய்வதை 1998-ஆம் ஆண்டுச் சட்டம் உள்ளூராட்சியின் கடமையாக்கியது. பெரியவர்களுக்கு அந்தச் சட்டம் அப்படி ஒருவரையும் பொறுப்பாக்கவில்லை. உங்கள் தம்பி மாதிரி ஆட்கள் தவறிப்போவது இந்த இடைவெளியில்தான்.

"அப்பாவுக்கு 68. ஊரில் தடுப்பில் இருந்து அடிவாங்கியவர். சீருடையைக் கண்டாலே உறைந்துவிடுவார். கைது இல்லை, விரும்பி வந்து விசாரணைக்கு இருங்கள் என்று பொலிஸ் கடிதம் போட்டிருக்கிறது."

கைது இல்லாத விசாரணை என்றதும் சும்மா ஒரு கதை என்று போய்விடாதீர்கள். அங்கே சொல்வதும் சாட்சியம்தான். இலவசச் சட்டத்தரணி, துணையாள், மொழிபெயர்ப்பாளர் மூன்றும் இதற்கும் உண்டு. விரும்பினால் எழுந்து போகலாம் என்பதும் உண்டு.

சித்திரவதையின் பின் வரும் மனப் பாதிப்பு மனநல நிலைதான். திகதிக்கு முன்பே எழுத்தில் தெரிவியுங்கள். நீங்கள் துணையாளாக இருக்கலாம். ஆனால் அதே நேரம் மொழிபெயர்க்க ஒத்துக்கொள்ளாதீர்கள். இரண்டு வேலையையும் ஒருவர் செய்தால் இரண்டும் கெடும். வரும் மொழிபெயர்ப்பாளர் சரியாகச் சொல்லவில்லை என்று பட்டால் அங்கேயே முறையிடுங்கள். அப்புறம், விசாரணை அறையை முதலே ஒரு முறை பார்க்க முடியுமா, கதவு திறந்தபடி சற்று இருக்க முடியுமா என்று கேளுங்கள். இது விதியில் இல்லை. ஆனாலும் நான் கேட்டு, கிடைத்திருக்கிறது. நம் ஆட்களில் எத்தனையோ பேர் கேள்விக்குப் பயந்து அல்ல, கதவு சாத்தும் சத்தத்துக்குப் பயந்து பேச்சு நின்று போகிறவர்கள்.

"தனியாக வந்து அகதி விண்ணப்பம் போட்ட மருமகன், 16 என்கிறான். பொலிஸ் நம்பவில்லை."

பார்வைக்கு 18-க்குக் கீழ் என்று தோன்றினால், வயது கூட என்பதற்குத் தெளிவான ஆதாரம் இல்லாதவரை, பிள்ளையாகவே நடத்த வேண்டும். 17 வயதுக்காரரையும் 2013 முதல் பிள்ளையாகவே கணக்கில் எடுக்கிறார்கள். அடையாள ஆவணம் ஏதும் இருந்தால் உடனே சட்டத்தரணிக்கு அனுப்புங்கள்.

"மகளை உடல் சோதனை செய்யப் போகிறோம் என்கிறார்கள். நான் உள்ளே போகலாமா?"

ஆடை களைந்து அந்தரங்க உறுப்புகள் தெரியும் சோதனை என்றால், அதே பாலைச் சேர்ந்த துணையாள் அறையில் இருக்க வேண்டும். தாயாக நீங்கள் இருக்கலாம். எதிர்ப்பாலைச் சேர்ந்த குறிப்பிட்ட ஒருவர் வேண்டும் என்று மகளே கேட்டால் அவர் இருக்கலாம். யாரும் வேண்டாம் என்றால், துணையாளின் முன்னால் அவள் அதைச் சொல்லி, துணையாளும் ஒப்புக்கொள்ள வேண்டும். விதிவிலக்கு, ஒருவருக்குப் பாரிய ஆபத்து நேரக்கூடிய அவசரம் மட்டும்.

2020 டிசம்பரில் லண்டன் ஹக்னியில் ஒரு 15 வயது மாணவியைப் பாடசாலைக்குள்ளேயே இப்படிச் சோதித்தார்கள், துணையாள் இல்லாமல். 2022-இல் அது வெளியே வந்தபோது நாடே கொதித்தது. ஆகவே "எதற்காகச் சோதனை, யார் அனுமதித்தது, எங்கே எழுதியிருக்கிறது" என்று கேட்கத் தயங்காதீர்கள். காவலில் இருக்கும் 18-க்குக் கீழ்ப்பட்ட பெண்பிள்ளை ஒரு பெண்ணின் பராமரிப்பில் இருக்க வேண்டும் என்பதும் சட்டம். மாதவிடாய்ப் பொருட்கள் தேவையா என்று அவர்களே கேட்க வேண்டும். கேட்கவில்லை என்றால் நீங்கள் கேளுங்கள்; மகள் கேட்க மாட்டாள்.

"குற்றம் சாட்டிவிட்டார்கள், பிணை இல்லையாம். மகன் காலைவரை செல்லில்தானா?"

செல் கடைசி வழியாக இருக்க வேண்டும். வளர்ந்த கைதியோடு ஒரே செல்லில் போடவே கூடாது. குற்றம் சாட்டிய பிறகு பிணை மறுத்தால், உள்ளூராட்சியின் பராமரிப்பு இடத்துக்கு மாற்ற வேண்டும் என்பதுதான் சட்டம். மாற்றவில்லை என்றால், ஏன் முடியவில்லை என்று நீதிமன்றத்துக்குச் சான்றிதழ் கொடுக்க வேண்டும். இடமில்லை என்ற பதில் அடிக்கடி வரும். அதைக் கேட்டுவிட்டுப் பேசாமல் வந்துவிடாதீர்கள். எந்த உள்ளூராட்சியில், எத்தனை மணிக்கு, யாரிடம் கேட்டார்கள் என்று குறித்து வைத்துச் சட்டத்தரணியிடம் கொடுங்கள்.

"எனக்கும் இந்த வேலையைச் செய்ய விருப்பம். தகுதி என்ன?"

18 வயது நிரம்பியிருக்க வேண்டும், பொலிசில் வேலை செய்பவராக இருக்கக் கூடாது. உங்கள் உள்ளூராட்சியின் இளையோர் நீதிப் பிரிவிலோ, துணையாள் சேவை நடத்தும் தொண்டு நிறுவனத்திலோ விண்ணப்பியுங்கள். பின்னணிச் சோதனை செய்து, பயிற்சி கொடுத்து, முதலில் அனுபவமுள்ள ஒருவரோடு அனுப்புவார்கள். இரவு அழைப்புக்குப் போகக்கூடியவர்கள் எப்போதும் குறைவு, அதையும் விண்ணப்பத்தில் எழுதுங்கள்.