அண்ணன் பேசிய பேச்சு வேறு, அனுப்பிய பதில் நோட்டீஸ் வேறு

கேள்வி: எனக்கு 1986-ல் திருமணம். அப்பா 2003-ல் உயில் எழுதாமல் இறந்தார். அம்மாவும் இப்போது இல்லை. நாமக்கல் பக்கம் தாத்தா வழி வந்த நிலம் 4 ஏக்கர். இரண்டு அண்ணன்கள், ஒரு தங்கை. "1996-லேயே எங்களுக்குள் பாகம் பிரித்தாயிற்று" என்று அண்ணன்கள் ஒரு கூர்ச்சீட்டைக் காட்டுகிறார்கள். 2010-ல் 60 சென்ட்டை விற்றும் விட்டார்கள். நான் 2015-ல் வக்கீல் நோட்டீஸ் விட்டேன். "உனக்குப் பங்கே கிடையாது" என்று அந்த ஆகஸ்டில் பதில் வந்தது. அப்பா 2005-க்கு முன்பே இறந்ததால் வழக்கு நிற்காது என்றார்கள், விட்டுவிட்டேன். பெரியண்ணன் படிக்க என் நகையை அடகு வைத்தவள் நான். என் மகள் சீருக்குக்கூட அவர் வரவில்லை. வாசல்படி மிதிக்க விடுவதில்லை. இப்போது 12 லட்சம் தருகிறோம், பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போடு என்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: நகை, சீர், வாசல்படி மூன்றையும் ஒதுக்கி வையுங்கள், அம்மா. தாய்மாமன் சீருக்கு வராதது நீதிமன்றத்துக்குப் பொருட்டே இல்லை. நகைக் கடன் காலாவதியாகி எத்தனையோ வருஷம். உங்கள் கடிதத்தில் எனக்கு வேண்டியது ஒரே தாள்: 2015 ஆகஸ்டில் வந்த அந்தப் பதில் நோட்டீஸ்.

பங்கு உண்டா என்பதில் பெரிய சிக்கல் இல்லை. இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் தமிழ்நாடு 1989-ல் கொண்டுவந்த திருத்தம் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் பங்கு தந்தது, ஆனால் அந்த ஆண்டு மார்ச் 25-க்கு முன் கல்யாணமான பெண்களை வெளியே நிறுத்தியது. உங்களைப் போன்றவர்கள் அப்படித்தான் விடுபட்டீர்கள். 2005 செப்டம்பர் 9-ல் வந்த மத்தியத் திருத்தம் அந்த வேலியை எடுத்தது. அப்பா அன்று உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2015-ல் சொன்னது. வினீதா சர்மா வழக்கில், 2020 ஆகஸ்ட் 11-ல், அதை மாற்றி, தேவையில்லை என்றது. உங்களுக்கு அன்று சொன்னவர்கள் அன்றைய சட்டத்தைத்தான் சொன்னார்கள். சொத்து பூர்வீகமா, தாத்தாவின் சுயசம்பாத்தியம் அப்பாவுக்கு வந்ததா என்றும் மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம். உயில் இல்லை, பெற்றோர் இருவரும் இல்லை. எந்த வழியில் போனாலும் நால்வருக்கும் கால் பங்கு.

கூர்ச்சீட்டு பதிவாகாதது என்றால் பயப்பட வேண்டாம். 2004 டிசம்பர் 20-க்கு முன் நடந்த பாகத்தைச் சட்டம் காப்பாற்றுகிறது. ஆனால் பதிவுப் பத்திரமோ கோர்ட் டிகிரியோ (தீர்ப்பாணை) இருக்க வேண்டும். ஒன்றை மட்டும் பாருங்கள்: அந்தச் சீட்டை வைத்து அப்போதே உட்பிரிவு செய்து தனித்தனிப் பட்டா வாங்கியிருக்கிறார்களா? வாய்மொழிப் பாகத்தை அரசு ஆவணங்கள் ஐயமறத் தாங்கி நின்றால் ஏற்கலாம் என்று அதே வினீதா சர்மா தீர்ப்பு ஒரு சின்னக் கதவைத் திறந்து வைத்திருக்கிறது. எதிர்க்கட்சி வக்கீல் அந்தக் கதவு வழியாகத்தான் வருவார்.

இனி, நான் பார்த்த கட்சிக்காரர்கள் விழுந்த குழி. பெண்கள் பாக வழக்குப் போட வரும்போது மனக்குறை எல்லாவற்றையும் பிராதில் ஏற்றச் சொல்வார்கள். "பத்து வருஷமாக நிலத்தில் கால் வைக்க விடவில்லை, ஒரு மூட்டை நெல் தரவில்லை" என்று அழுது எழுதவைப்பார்கள். அது உங்கள் வாக்குமூலம். கூட்டு அனுபவத்தில் இருப்பவருக்கு நீதிமன்றக் கட்டணம் சொற்பம். வெளியேற்றப்பட்டவர் தன் பங்கின் சந்தை மதிப்புக்குக் கட்ட வேண்டும். அதைவிட மோசம், கூட்டுக் குடும்பச் சொத்திலிருந்து விலக்கப்பட்டது தெரிந்த நாளிலிருந்து 12 ஆண்டுதான் கெடு. பொய் எழுதச் சொல்லவில்லை. அண்ணன் முகம் கொடுக்காததும் விளைச்சலில் பங்கு தராததும் மட்டும் விலக்கம் ஆகாது. ஒரு பங்காளியின் அனுபவம் எல்லோருக்குமானது என்பதே சட்டம். வருத்தத்தை விலக்கமாக்கி எழுதாதீர்கள், அவ்வளவுதான்.

ஆனால் பதில் நோட்டீஸை எந்த வார்த்தையாலும் மறைக்க முடியாது. "உனக்குப் பங்கே இல்லை" என்று எழுத்தில் வந்து, நீங்கள் கையெழுத்திட்டு வாங்கியிருக்கிறீர்கள். கணக்கு அங்கே தொடங்கினால் 2027 ஆகஸ்டில் முடியும். கொரோனா காலத்தைக் கழிக்கலாம் என்று வாதாட இடம் உண்டு. அதை நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். சமாதானப் பேச்சு நடக்கிறது என்பதற்காகக் கெடு நிற்காது. அண்ணன்கள் "பொங்கல் போகட்டும், ஆடி போகட்டும்" என்பது பாசத்தினாலா, காலண்டரைப் பார்த்தா என்று எனக்குத் தெரியாது. வழக்கைத் தாக்கல் செய்துவிட்டே பேசுங்கள். 2010-ல் வாங்கியவரையும் கட்சியாகச் சேருங்கள். விற்ற 60 சென்ட்டை அண்ணன்கள் பங்கில் கழிக்கச் சொல்லலாம். அங்கே வீடு கட்டியவரோடு சண்டை வேண்டாம்.

அதன் பிறகு ராஜி ஆகிவிடுங்கள் என்பதே என் யோசனை. பிரிலிமினரி டிகிரி (யாருக்கு எவ்வளவு பங்கு என்ற முதல் தீர்ப்பு), அப்பீல், ஃபைனல் டிகிரி, கமிஷனர் அளவு என்று போனால், நிலத்தை உழப்போவது உங்கள் பேரப்பிள்ளைகள். 12 லட்சம் ஒரு ஏக்கருக்குச் சரியா என்று அக்கம்பக்கத்துக் கிரயத்தை வைத்துப் பாருங்கள். வழிகாட்டி மதிப்பை நம்ப வேண்டாம். முடிந்தால் பணத்தைவிட நிலமாக, பாகப்பிரிவினைப் பத்திரமாகக் கேளுங்கள். பாதை உள்ள பக்கமாக 70 சென்ட் கிடைத்தாலும் வாங்கிக்கொள்ளுங்கள்.

பணம்தான் என்றால், முழுத்தொகையும் டிடியாகக் கையில் வந்த பிறகே விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து. இரண்டு லட்சம் முன்பணம் வாங்கிக்கொண்டு, "மீதி அறுவடைக்கு" என்ற பேச்சில் பதிவு அலுவலகம் போனவர்கள் நிறையப் பேர். பத்திரத்தில் "முழுத்தொகையும் பெற்றுக்கொண்டேன்" என்று இருக்கும். பிறகு யாரிடம் போய்க் கேட்பீர்கள்? உங்கள் தங்கையும் சேர்ந்து கையெழுத்துப் போடாத பாகப்பத்திரத்தை ஏற்காதீர்கள். அவர் நாளைக்கு வழக்குப் போட்டால் எல்லாம் முதலிலிருந்து.