வெனிஸுக்குப் போக எந்த எக்ஸாம்?

திண்டுக்கல்லில் இருந்து எழுதிய அப்பாவுக்கு வணக்கம்.

பெண் பிளஸ் டூ முடித்துவிட்டாள், நல்ல மார்க், பி.காம். சீட் கிட்டத்தட்ட உறுதி. அவளோ ஓவியக் கல்லூரிதான் என்று ஒற்றைக் காலில் நிற்கிறாள், ஏன் என்று கேட்டால் ஒருநாள் இத்தாலியில் நடக்கும் சர்வதேசக் கலைக் கண்காட்சியான வெனிஸ் பினாலேக்கு இந்தியா சார்பாகப் போவேன் என்கிறாள். இதற்கு எந்த எக்ஸாம் எழுத வேண்டும், வயது வரம்பு என்ன, தேர்வானால் அரசு சம்பளம் உண்டா, இதுதானே சார் உங்கள் கேள்வி?

எக்ஸாம் இல்லை. வயது வரம்பும் இல்லை, சம்பளமும் இல்லை. மாவட்டம், மாநிலம், தேசியம் என்று படிப்படியாக ஆள் எடுக்க இது கபடி டீம் இல்லை. நாட்டின் பெயரில் நடப்பதால் அப்படி ஏதோ ஒரு ஏற்பாடு இருக்கும் என்று நினைப்பது இயல்புதான், என்னிடம் வரும் பெற்றோர் பலரும் அப்படித்தான் நினைக்கிறார்கள்.

அங்கே என்ன நடக்கிறது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். வெனிஸ் பினாலே 1895இல் தொடங்கியது, இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை நடப்பது. அதில் இரண்டு பகுதி. ஒன்று, பினாலே அமர்த்தும் க்யூரேட்டர் உலகம் முழுக்கத் தேடிப் படைப்புகளைச் சேர்த்து நடத்தும் பெரிய கண்காட்சி, இதற்கு எந்த அரசின் சிபாரிசும் தேவையில்லை. இன்னொன்று நாடுகளின் அரங்குகள். 1907இல் பெல்ஜியம் ஜியார்தினி என்ற தோட்டத்தில் தனக்கென்று ஒரு கட்டடம் கட்டிக்கொண்டது, அப்புறம் பிரிட்டன், ஜெர்மனி, ஃபிரான்ஸ் என்று ஒவ்வொருவராக வந்து இன்று அந்தத் தோட்டத்தில் 29 அரங்குகள் நிற்கின்றன. இந்தியாவுக்கு அங்கே சொந்தக் கட்டடம் கிடையாது. அப்படி இல்லாத நாடுகள் ஆர்செனாலே எனப்படும் பழைய கப்பல் கட்டும் தளத்திலோ ஊருக்குள் ஏதாவது ஒரு மாளிகையிலோ வாடகைக்கு இடம் பிடிக்க வேண்டும். யாரை அனுப்புவது என்பது அந்தந்த நாட்டின் பாடு.

பிரிட்டனில் 1930களிலிருந்து பிரிட்டிஷ் கவுன்சில்தான் இதைப் பார்த்துக்கொள்கிறது. அங்கே படிக்கும் பிள்ளைக்கு யார் தேர்ந்தெடுக்கிறார்கள், எப்போது அறிவிப்பு வரும் என்பதாவது தெரியும். நம் கணக்கைப் பாருங்கள். 1954க்கும் 1982க்கும் இடையில் இந்தியப் படைப்புகள் அவ்வப்போது வெனிஸுக்குப் போனதுண்டு, ஆனால் இந்திய அரங்கு என்று முறையாக ஒன்று அமைந்தது 2011இல்தான். மத்திய அரசின் ஓவிய, சிற்பக் கலை அமைப்பான லலித் கலா அகாதமி ஏற்பாடு, க்யூரேட்டர் ரஞ்சித் ஹோஸ்கோட்டே. அதற்கடுத்த இரண்டு பினாலேக்களில் நாம் இல்லை, மூன்றாவதிலும் இல்லை. 2019இல் காந்தியின் 150ஆவது பிறந்த ஆண்டை ஒட்டித் தேசிய நவீனக் கலைக்கூடமும் இந்தியத் தொழில் கூட்டமைப்பான சி.ஐ.ஐ.யும் சேர்ந்து ஓர் அரங்கு அமைத்தன, கிரண் நாடார் அருங்காட்சியகத்தின் ரூபினா கரோடே க்யூரேட்டர். 2022, 2024 இரண்டிலும் மறுபடி இல்லை. இந்த 2026இல் மத்திய கலாச்சார அமைச்சகம், நீதா முகேஷ் அம்பானி கலாச்சார மையம், செரண்டிபிட்டி ஆர்ட்ஸ் ஃபவுண்டேஷன் மூன்றும் சேர்ந்து செய்கின்றன, க்யூரேட்டர் அமின் ஜாஃபர்.

எட்டு பினாலேக்களில் மூன்று முறை, மூன்று முறையும் வேறு வேறு கூட்டணி, வேறு வேறு க்யூரேட்டர். 2011இல் நான்கு பெயர் (அதில் ஒன்று இருவர் சேர்ந்த குழு), 2019இல் எட்டு, இப்போது ஐந்து, ஆக மொத்தம் பதினேழு. 2019இல் போன எட்டில் நந்தலால் போஸ், எம்.எஃப். ஹுசைன், ருமானா ஹுசைன் மூவரும் ஏற்கனவே காலமானவர்கள். இவ்வளவு பெரிய நாட்டில் பதினைந்து ஆண்டில் உயிரோடு இருப்பவர்களுக்குக் கிடைத்த இடம் பதினான்கு. அடுத்த முறை நாம் போவோமா, போனால் யார் பொறுப்பு என்பதற்கு நிரந்தர ஏற்பாடு எதுவும் இல்லாத இடத்தை நம்பி ஒரு பதினேழு வயசுப் பிள்ளை டிகிரி எடுக்கக் கூடாது. இதை அவளிடமே நேராகச் சொல்லலாம், அழமாட்டாள், இந்த வயதுப் பிள்ளைகள் நாம் நினைப்பதைவிட நன்றாகக் கணக்குப் போடுவார்கள்.

உடனே "அப்போ பி.காம்.தான்" என்று முடிவுக்கு வந்துவிடாதீர்கள்.

இந்த ஆண்டு போன ஐவரில் ஒருவர் நம் திருநெல்வேலிக்காரர், ஆள்வார் பாலசுப்ரமணியம். சென்னை அரசு கவின் கலைக் கல்லூரியில் படித்தவர். உங்கள் பெண் கேட்கிற அதே கல்லூரியாகவும் இருக்கலாம், நீங்கள் பெயர் எழுதவில்லை. அப்புறம் எடின்பரோவிலும் வியன்னாவிலும் பதிப்போவியம் (பிரிண்ட்மேக்கிங்) பயின்றார். மண், நிழல், காற்று போன்றவற்றை வைத்தே வேலை செய்கிறவர். கல்லூரியை விட்டு வெளியே வந்தது தொண்ணூறுகளின் நடுவில், தேசிய அரங்குக்குப் போனது 2026இல். நடுவில் முப்பது ஆண்டு. அந்த முப்பது ஆண்டும் அவர் வெனிஸுக்காகக் காத்துக்கொண்டிருக்கவில்லை, வேலை செய்தார், காட்சிக்கு வைத்தார், விற்றார். கூட இருக்கும் ரஞ்சனி ஷெட்டர் பெங்களூரு சித்ரகலா பரிஷத்தில் படித்தவர், நியூயார்க் மெட் அருங்காட்சியகத்தில் 2018இலேயே தனிக்காட்சி செய்தவர். அசிம் வாகிஃப் படித்தது ஆர்கிடெக்சர், தில்லி ஸ்கூல் ஆஃப் பிளானிங் அண்ட் ஆர்கிடெக்சரில். லடாக்கைச் சேர்ந்த ஸ்கர்மா சோனம் தாஷி மற்றவர்களைவிட வயதில் ரொம்ப இளையவர். ஆக, இவ்வளவு வருஷம் ஆகித்தான் தீரும் என்றும் சொல்ல முடியாது. எல்லோருக்கும் பொதுவாக ஒன்று இருக்கிறது: க்யூரேட்டர் தேடி வந்தபோது காட்டுவதற்கு வேலை இருந்தது. விண்ணப்பம் போட்டு யாரும் போகவில்லை.

இதற்கு மேல்தான் நான் உங்கள் பெண்ணிடம் கேட்க நினைக்கும் கேள்வி. அவளுக்கு அந்த அரங்கில் தன் படைப்பு இருக்க வேண்டுமா, இல்லை அந்த அரங்கை நடத்தும் வேலையில் அவள் இருக்க வேண்டுமா? இரண்டும் ஒன்று போலத் தெரியும். படிப்பும் பிழைப்பும் இரண்டுக்கும் வேறு.

2019 அரங்கையே எடுத்துக்கொள்ளுங்கள். நந்தலால் போஸ் 1938இல் ஹரிபுரா காங்கிரஸ் மாநாட்டுக்காக வரைந்த சுவரொட்டிகள் அங்கே போயின. அவர் படைப்புகள் 1972ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் கலைப் பொக்கிஷம் என்று அறிவிக்கப்பட்டவை, மத்திய அரசோ அது அதிகாரம் கொடுத்த அமைப்போ தவிர வேறு யாரும் நாட்டைவிட்டு வெளியே எடுத்துப் போக முடியாது. ஆக சட்டமும் கோப்பும் தெரிந்த ஆள் வேண்டும். ஜிதிஷ் கல்லாட் 1939இல் காந்தி ஹிட்லருக்கு எழுதிய கடிதத்தைப் பனிப்புகைத் திரையில் ஒளியாக விழவைத்தார், பார்ப்பவர்கள் அதற்குள் நடந்து போகலாம். அதற்கு ப்ரொஜெக்டர், புகை, ஈரப்பதம் எல்லாவற்றையும் மாதக்கணக்கில் ஓட வைக்கிற டெக்னீஷியன் வேண்டும். இந்த முறை பினாலே மே 9 முதல் நவம்பர் 22 வரை. ஆறு மாதத்துக்கு மேல் ஓர் அரங்கைத் திறந்து, மூடி, துடைத்து, பழுது பார்த்து, வருகிறவர்களுக்கு விளக்கிச் சொல்லி நிற்க வேண்டுமே, அதை ஐந்து கலைஞர்கள் செய்ய முடியுமா?

பொருள் போவதே தனித் தொழில். அனுப்பும் முன் ஒவ்வொரு படைப்பிலும் எங்கே கீறல், எங்கே மங்கல் என்று புகைப்படத்தோடு எழுதும் கண்டிஷன் ரிப்போர்ட், சுவரிலிருந்து இறக்கித் திரும்பச் சுவரில் மாட்டும் வரைக்கும் இன்சூரன்ஸ், சுங்கவரி கட்டாமல் தற்காலிகமாகக் கொண்டுபோய்த் திரும்பக் கொண்டுவர உதவும் ஏ.டி.ஏ. கார்னே (இங்கே தொழில் வர்த்தக சபைகளின் கூட்டமைப்பான ஃபிக்கி வழங்குகிறது), சூட்டில் பதப்படுத்தி முத்திரை குத்திய மரத்தில்தான் பெட்டி. முத்திரை இல்லாத மரப்பெட்டி துறைமுகத்திலேயே மாட்டிக்கொள்ளும். இதைப் பார்க்கிறவருக்கு ரெஜிஸ்ட்ரார் என்று பெயர், நம் கல்லூரிப் பதிவாளரோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். நல்ல ரெஜிஸ்ட்ரார் கிடைக்காமல் தனியார் அருங்காட்சியகங்களும் கேலரிகளும் திண்டாடுவதை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் பி.காம். ஆசைக்கும் இங்கே இடமிருக்கிறது சார், கணக்கு தெரிந்து கலையும் புரிந்தவர்கள் இந்த உலகத்தில் ரொம்பக் குறைவு.

அப்புறம் கன்சர்வேஷன், அதாவது படைப்புகளைக் கெடாமல் காத்துப் பழுதுபார்க்கும் வேலை. சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தில் இதற்கான வேதியியல் கூடம் 1930களிலிருந்தே இருக்கிறது, நம்மூர்ப் பிள்ளைகள் பலருக்கு இப்படி ஒரு துறை இருப்பதே தெரியாது. முன்பு தில்லியில் தேசிய அருங்காட்சியக நிறுவனமாக இருந்தது இப்போது நொய்டாவில் இந்திய பாரம்பரிய நிறுவனம் என்ற பெயரில் இயங்குகிறது, அங்கே கலை வரலாறு, கன்சர்வேஷன், அருங்காட்சியகவியல் மூன்றிலும் முதுகலை படிக்கலாம். க்யூரேட்டர் பக்கம் ஆசை என்றால் ஜே.என்.யூ.வின் கலை மற்றும் அழகியல் பள்ளியையும் பாருங்கள். இதற்கெல்லாம் பி.எஃப்.ஏ. என்ற கவின் கலைப் பட்டம்தான் வேண்டும் என்றில்லை, பி.ஏ. வரலாறு படித்துவிட்டும் போகலாம்.

அவள் பதில் "என் படைப்புதான் இருக்கணும்" என்றால் வேறு பேச்சே இல்லை, நேராகக் கவின் கலைக் கல்லூரி. முதலில் பி.காம்., அப்புறம் பார்க்கலாம் என்பதை இந்த ஒரு துறைக்கு நான் பரிந்துரைக்க மாட்டேன். பதினெட்டிலிருந்து இருபத்திரண்டு வரை தினமும் ஸ்டூடியோவில் கை பழகுவதற்கு மாற்று இல்லை. சென்னைக் கல்லூரி 1850இல் தொடங்கியது, கும்பகோணத்திலும் அரசுக் கல்லூரி இருக்கிறது, உங்களுக்கு அது கிட்ட. இரண்டிலும் கட்டணம் தனியார் டிசைன் கல்லூரிகளில் பாதியின் பாதிகூட வராது. வரைதிறன் பார்த்துத்தான் எடுக்கிறார்கள், பிளஸ் டூ மார்க் மட்டும் போதாது. சிற்பத்தில் மரபு வழியே வேண்டுமென்றால் மாமல்லபுரம் சிற்பக் கல்லூரி. பட்ட மேற்படிப்புக்கு பரோடாவும் சாந்திநிகேதனும், அங்கே போனால் கூடப் படிக்கிறவர்கள், அவர்களைப் பார்க்க வருகிற க்யூரேட்டர்கள் என்று வட்டம் பெரிதாகும். லட்சக்கணக்கில் கட்டணம் வாங்கிக்கொண்டு சர்வதேசக் கண்காட்சி வாய்ப்பு உறுதி என்று விளம்பரம் செய்யும் இடங்களில் மட்டும் சேர்க்காதீர்கள். அப்படி யாராலும் உறுதி கொடுக்க முடியாது. காசு கொடுத்தால் வெனிஸில் ஒரு மாளிகையில் படம் மாட்டிக்கொள்ளலாம் என்று மெயில் வரும், அதுவும் பினாலே நடக்கிற அதே மாதங்களில் வரும், அது பினாலே கிடையாது.

பணம் பற்றி மூடி மறைக்காமல் சொல்கிறேன். முடித்து முதல் ஐந்தாறு ஆண்டு சிரமம்தான். பள்ளி ஓவிய ஆசிரியர், புத்தகச் சித்திரம், சினிமா ஆர்ட் டிபார்ட்மெண்ட், அனிமேஷன் என்று ஏதாவது ஒன்றில் சம்பாதித்துக்கொண்டே இரவில் தன் வேலையைச் செய்கிறவர்கள்தான் அதிகம். கலாச்சார அமைச்சகம் 18 முதல் 25 வயது வரையுள்ள இளம் கலைஞர்களுக்கு மாதம் 5,000 ரூபாய் வீதம் இரண்டு ஆண்டு உதவித்தொகை தருகிறது, லலித் கலா அகாதமியிலும் உதவித்தொகை உண்டு, இன்லாக்ஸ், ஃபிகா போன்ற அறக்கட்டளைகளும் இளையவர்களுக்குக் கொடுக்கின்றன. வாழ இது போதாது, வேலையை விடாமல் இருக்க உதவும். அரங்குக்கே தேர்வானாலும் அரசுப் பணம் எல்லாச் செலவுக்கும் வந்துவிடும் என்று எண்ண வேண்டாம், பல நாடுகளில் கேலரியும் புரவலர்களும்தான் மீதியைத் தாங்குகிறார்கள். அரசியலும் உண்டு. ஆஸ்திரேலியாவில் 2025 பிப்ரவரியில் காலித் சப்ஸபி என்ற கலைஞரை அறிவித்து, ஒரு வாரத்துக்குள் விலக்கி, எதிர்ப்பு கிளம்பியதும் ஜூலையில் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். போன 2024இல் சிறந்த தேசிய அரங்குக்கான தங்கச் சிங்கம் விருது வாங்கிய நாடு அது, அங்கேயே இந்தக் கூத்து.

கிட்டத்தில் இருக்கும் கதவு கொச்சி. 2012இல் தொடங்கிய கொச்சி முசிறிஸ் பினாலேயில் நாடுகளுக்குத் தனி அரங்கு கிடையாது, அதனால் அரசு முடிவுக்குக் காத்திருக்கவும் வேண்டியதில்லை. அதோடு சேர்ந்து நடக்கும் மாணவர் பினாலேயில் நாடு முழுக்க உள்ள அரசுக் கலைக் கல்லூரிப் பிள்ளைகள் படைப்பு வைக்கிறார்கள், இரண்டாம் ஆண்டு மூன்றாம் ஆண்டு படிக்கும்போதே. ஆறாவது பதிப்பு இந்த மார்ச் 31இல் முடிந்துவிட்டது. அடுத்ததற்குப் பார்வையாளராக மட்டும் போகாமல் வாலண்டியராகவோ, வருகிறவர்களுக்கு விளக்கிச் சொல்லும் வேலைக்கோ போகட்டும். பெட்டி பிரிக்கும் இடத்தில் நான்கு நாள் நின்றாலே, தனக்கு வேண்டியது படைப்பா அந்த உலகமா என்பது அவளுக்குத் தெரிந்துவிடும். வெனிஸையே பார்க்க வேண்டும் என்றால் பிற்பாடு அங்குள்ள பெக்கி குக்கன்ஹைம் அருங்காட்சியக இன்டர்ன்ஷிப் இருக்கிறது, வெளிநாட்டு மாணவர்களையும் எடுக்கிறார்கள், உதவித்தொகையும் கொடுக்கிறார்கள்.

இப்போதைக்குச் செய்ய வேண்டியது இரண்டு. கவின் கலைக் கல்லூரி விண்ணப்பத் தேதி தாண்டிவிடாமல் பாருங்கள், பி.காம். சீட்டை அதுவரை விட வேண்டாம். அப்புறம் அவள் வரைந்ததில், பள்ளிப் போட்டிக்காக வரைந்த இயற்கைக் காட்சி, தலைவர் படமெல்லாம் விட்டுவிட்டு, யாரும் கேட்காமல் அவளாகச் செய்த பத்துப் பன்னிரண்டு வேலையைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொல்லுங்கள். பெயிண்டிங்கா, சிற்பமா, பதிப்போவியமா எந்தத் துறை கேட்பது என்பதை அதைப் பார்த்துவிட்டுத்தான் சொல்ல முடியும்.