மாந்தீவுக்குத் தோணி கேட்கும் வாசகருக்கு

கேள்வி: எங்கள் ஒழுங்கையில் ஒருவருக்குக் குட்டம் என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருக்கிறார்கள். மருந்தைக் கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அவர் கடைக்கு வருகிறார், பஸ்ஸில் ஏறுகிறார். வெள்ளைக்காரன் காலமென்றால் வாவிக்குள் இருக்கும் மாந்தீவுத் தொழுநோய் ஆஸ்பத்திரிக்குத் தோணியில் ஏற்றியிருப்பான். அன்று சட்டம் இருந்தது, நோயும் அடங்கிக் கிடந்தது. அதே நடைமுறையை மீண்டும் கொண்டுவந்தால் என்ன?
வாசகர், களுவாஞ்சிகுடி

பதில்: முதலில் உங்கள் அயலவரைப் பற்றிப் பேசுவோம். அவர் மருந்தெடுக்கத் தொடங்கிவிட்டார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படியென்றால் உங்கள் ஒழுங்கையில் நீங்கள் பயப்படவே தேவையில்லாத ஆள் அவர்தான். இந்த நோய்க்குக் கொடுக்கும் ரிஃபாம்பிசின் என்ற மருந்து முதல் வேளை உள்ளே போனதுமே கிருமிகளில் மிகப் பெரும்பகுதி செத்துவிடுகிறது. சில நாட்களில் அவரிடமிருந்து மற்றவருக்குத் தொற்றும் வழி அடைபட்டுவிடும். பஸ்ஸில் அவருக்குப் பக்கத்து சீற்றில் இருந்து வாழைச்சேனை வரைக்கும் போய்வாருங்கள், ஒன்றும் ஆகாது. யோசிக்கவேண்டியது வேறொருவரைப் பற்றி. தோளிலோ முதுகிலோ வெளிறிய தேமல் ஒன்றைச் சட்டைக்குள் மறைத்துக்கொண்டு, கிளினிக் பக்கமே போகாமல், உங்களோடு கடையில் நின்று தேத்தண்ணீர் குடிக்கிறாரே, அவரைப் பற்றி. அவர் ஏன் மறைக்கிறார்? உங்களைப் போன்றவர்கள் கடையில் நின்று பேசுவது அவர் காதில் விழுகிறது.

சட்டம் இருந்தது என்கிறீர்கள். இருந்தது, மெய்தான். அது வந்த கதையைக் கேளுங்கள்.

கொழும்பை ஆண்ட ஒல்லாந்தர், களனி ஆற்று முகத்துக்கு அப்பால் வத்தளைப் பக்கமாக ஹெந்தலையில் தொழுநோயாளருக்கென ஒரு மனை கட்டினார்கள். ஆண்டு 1708. இடத்தைப் பாருங்கள். கோட்டைக்கும் நகரத்துக்கும் எட்டத்தில், ஆற்றுக்கு அந்தப் புறம். குணமாக்க மருந்து எவரிடமும் இல்லாத காலத்தில், நகரத்தின் கண்ணில் படாமல் நோயாளியை வைப்பதுதான் ஏற்பாடாக இருந்தது. மட்டக்களப்பில் பின்னாளில் ஆற்றுக்குப் பதிலாக வாவி. பிரித்தானியர் காலத்தில் மாந்தீவுக்குத் தோணியில் போனவர் திரும்பி வருவதைப் பற்றி வீட்டார் பேசிக்கொள்வதில்லை.

1873இல் நோர்வேயின் பேர்கன் நகரில் ஹான்சன் என்ற வைத்தியர் இந்த நோயின் கிருமியைக் கண்டார். பரம்பரை, பாவம், பழைய வினை என்ற கதையெல்லாம் அத்தோடு ஒழிந்திருக்க வேண்டும். ஒழியவில்லை, கூடவே தொற்றுப் பயமும் சேர்ந்துகொண்டது. ஹவாயில் நோயாளரோடு வாழ்ந்த தேமியன் அடிகள் அதே நோயால் 1889இல் இறந்தபோது ஐரோப்பா முழுவதும் நடுங்கியது. குடியேற்ற நாடுகளிலிருந்து நோய் கப்பலேறி வந்துவிடும் என்று இலண்டன் பத்திரிகைகள் எழுதின. தேமியன் பெயரில் சேர்ந்த பணத்தைக் கொண்டு 1890இல் ஓர் ஆணைக்குழு இந்தியாவுக்குப் புறப்பட்டது. ஊரூராகப் போய் நோயாளரைப் பரிசோதித்தது. அது கண்டுசொன்னது என்ன தெரியுமா? இந்த நோய் தொற்றக்கூடியதுதான், ஆனால் தொற்றும் அளவு மிகக் குறைவு. கட்டாயமாகப் பிரித்துவைக்க வேண்டிய தேவை இல்லை என்றது. அவர்கள் ஆளனுப்பி, அவர்கள் பணத்தில் செய்த ஆய்வு. இலண்டனில் பலருக்கு அந்த முடிவு பிடிக்கவில்லை.

1897இல் பேர்லினில் கூடிய தொழுநோய் மாநாடு ஹான்சனின் பேச்சைக் கேட்டு, நோர்வேயைப் பின்பற்றிப் பிரித்துவைக்கச் சொன்னது. நோர்வேயின் 1885ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஒரு சங்கதி உண்டு: நோயாளி தன் வீட்டிலேயே இருக்கலாம், தனி அறையும் தனிப் படுக்கையும் இருந்தால் போதும். அதற்கு வழியில்லாதவர்தான் ஆஸ்பத்திரிக்குப் போகவேண்டும். நம் பக்கம் வந்தபோது அந்தச் சட்டத்தின் எந்தப் பாதி எடுபட்டது என்று பாருங்கள். இந்தியாவில் 1898இல் வந்த சட்டம் பிச்சையெடுக்கும் ஏழை நோயாளியைப் பிடித்து அடைக்க வழிசெய்தது. அதே சட்டம், பொதுக் கிணற்றில் தண்ணீர் அள்ளாதே, விற்பதற்குச் சாப்பாடு சமைக்காதே, வாடகை வண்டி ஓட்டாதே என்று நோயாளியைத் தடுக்கவும் அதிகாரம் கொடுத்தது. வீட்டில் வசதியாக இருந்த நோயாளியைத் தேடி எவரும் போகவில்லை. இலங்கைக்கான கட்டளைச் சட்டம் 1901இல் வந்தது, அதுவும் கட்டாயப் பிரிப்புக்கு இடம் வைத்தது. உங்கள் கேள்வியில் வரும் பஸ்ஸும் கடையும் அந்தப் பழைய சட்டங்களின் கிணறும் வண்டியும்தான்.

தனிமைப்படுத்துவதே பிழை என்று நான் சொல்லவரவில்லை. வைசூரிக்கு அது சரி. ஒரு வீட்டில் அம்மாள் வந்தால் வேப்பிலை கட்டி அயலாரை வரவிடாமல் வைத்தார்களே நம் முன்னோர், அதில் பக்தியோடு அனுபவ அறிவும் இருந்தது. 1802இலேயே இலங்கைக்கு அம்மைப்பால் குத்தும் முறையைக் கொண்டுவந்தவர்கள் வெள்ளையர்தான், அந்த நன்மையை நான் மறுக்கமாட்டேன். ஆனால் வைசூரி பாயும் வேகம் வேறு. தொழுநோய்க் கிருமி ஒருமுறை இரண்டாகப் பிரிவதற்கே ஏறத்தாழ இரண்டு கிழமை எடுக்கிறது. தொற்றிய பிறகு அடையாளம் தெரியச் சராசரியாக ஐந்து ஆண்டு, சிலருக்கு இருபது ஆண்டும் ஆகும். மனிதரில் நூற்றுக்கு ஏறத்தாழ 95 பேருக்கு அதை எதிர்க்கும் சக்தி பிறவியிலேயே இருக்கிறது. மருந்தெடுக்காத நோயாளியோடு நீண்ட காலம் நெருங்கி வாழ்பவருக்குத்தான் ஆபத்து. ஆகவே அடையாளம் தெரிந்தபின் ஒருவரைத் தோணியில் ஏற்றுகிறவன், வீட்டுக்குள் நடக்கவேண்டியது நடந்து பல ஆண்டு கழிந்தபின்தான் ஏற்றுகிறான்.

நோய் அடங்கிக் கிடந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். அடங்கவில்லை ஐயா, ஒளிந்து கிடந்தது. இதை நான் புத்தகத்தில் படித்துச் சொல்லவில்லை. என் பெத்தாவின் (அம்மாவின் அம்மாவின்) தங்கை ஒருத்தி இருந்தார். அவரை நான் கண்டதில்லை, என் அம்மா சொல்லித்தான் தெரியும். அடுப்பில் இருந்து சட்டியை வெறுங்கையால் இறக்குவாராம், சூடு தெரியாதாம். முதலில் வீட்டார் அதைப் பெருமையாகச் சொன்னார்கள். பிறகு கையில் கொப்புளம் எழும்பி, புண்ணாகி, விரல் மடங்கத் தொடங்கியபோது விளங்கிவிட்டது. ஊர் அதிகாரியான விதானையார் அறிந்தால் தோணி வரும் என்ற பயத்தில், வளவின் பின்புறம் வாழைகளுக்குப் பின்னால் ஒரு குடில் போட்டு அவரை அதற்குள் இருத்தினார்கள். பதினொரு வருடம். கலியாண வீடு, செத்த வீடு, கோயில் திருவிழா, ஒன்றுக்கும் வரவில்லை. அவர் செத்துப்போனார் என்று ஊரில் நினைத்தவர்களும் உண்டு. சோறு கொண்டுபோய் வைத்தது என் அம்மா, அப்போது அவருக்கு ஏழு எட்டு வயது. சின்னம்மா கதவைத் திறக்காமல், “வைச்சிட்டுப் போ மகள், கிட்ட நிக்காத” என்பாராம். அம்மா இதைச் சொல்லும்போதெல்லாம் அந்தக் குரலிலேயே சொல்லுவார். நோயாளியை வைத்தியரிடம் கொண்டுவருவதற்கென்று போட்ட சட்டம், எங்கள் வீட்டில் ஒரு நோயாளியை வைத்தியர் கண்ணில் படாமலே சாகவைத்தது.

விரல் தானாக அழுகி உதிரும் என்று இன்றும் படித்தவர்களே சொல்கிறார்கள். உதிர்வதில்லை. கிருமி நரம்பைத் தின்கிறது, உணர்ச்சி போகிறது. சுட்டாலும் முள் குத்தினாலும் தெரியாததால் காயம் ஆறாமல் எலும்பு வரை கெட்டுத் தேய்ந்து போகிறது. வெளிறிய தேமலில் பஞ்சால் தொட்டுப் பார்த்துக் கண்டுபிடிக்கக்கூடிய காலத்திலேயே மருந்தெடுத்திருந்தால் அந்தச் சின்னம்மாவின் கை மடங்கியிராது. அவருடைய காலத்தில் அந்த மருந்து இல்லை, அதையும் சொல்லத்தான் வேண்டும். நம் வைத்தியர்கள் நீரடிமுத்து எண்ணெய் கொடுத்தார்கள். அதே இனத்து மரங்களின் எண்ணெயை வெள்ளைக்கார வைத்தியர்களும் எடுத்து ஊசியாகப் போட்டார்கள். ஓரளவு கேட்டது, குணமாக்கவில்லை. 1940களில் டாப்சோன் என்ற மருந்து வந்தது. தனி மருந்தாகக் கொடுத்துக் கொடுத்துக் கிருமி அதற்குப் பழகிவிட்டது. 1981இல் உலக சுகாதார நிறுவனம் இரண்டு மூன்று மருந்தைச் சேர்த்துக் கொடுக்கச் சொன்னது, இலங்கையில் அது 1983இல் தொடங்கியது. தேமல் ஐந்துக்குள் என்றால் ஆறு மாதம், அதற்கு மேலென்றால் ஒரு வருடம். ஒரு சதமும் செலவில்லை.

மருந்து வந்தும் ஆட்கள் உடனே வரவில்லை, பயம் விடவில்லை. 1990 அளவில் வானொலியிலும் தொலைக்காட்சியிலும் இது குணமாகும் நோய், தேமல் இருந்தால் வந்து காட்டுங்கள் என்று திரும்பத் திரும்பச் சொன்னார்கள். கண்டறியப்பட்டோர் தொகை சட்டென்று ஏறியது, ஏனென்றால் மறைந்திருந்தவர்கள் தாங்களாகவே வந்தார்கள். ஐந்தாறு ஆண்டில், பத்தாயிரம் பேருக்கு ஒருவருக்கும் குறைவு என்ற நிலையை நாடு எட்டியது. ஒரு வார்த்தையை மாற்றிச் சொன்னதில் வந்த பலன் அது. அந்த ஆண்டுகளில் போருக்குள் நம் கிழக்கு எப்படிக் கிடந்தது என்பது உங்களுக்கும் எனக்கும் தெரியும். இன்றும் நாட்டில் ஆண்டுக்கு ஆயிரத்துக்கு மேல் புதிய நோயாளர் வருகிறார்கள். கூடுதலாகக் காணப்படும் இடங்களில் மட்டக்களப்பும் இருக்கிறது. அவர்களில் சிறுபிள்ளைகளும் உண்டு. பிள்ளைக்கு வருகிறதென்றால், மருந்தெடுக்காத பெரியவர் ஒருவர் பக்கத்தில் எங்கோ இருக்கிறார் என்று பொருள்.

மாந்தீவில் வேலை செய்த தாதியரையும் ஊழியரையும் நான் குறை சொல்லவில்லை. வீட்டார் தொட மறுத்த புண்ணைக் கழுவியவர்கள் அவர்கள். அவர்கள் கழுவிய காலை உங்கள் ஒழுங்கைக்குள் வரக்கூடாது என்று நீங்கள் சொல்வதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

இனி, நீங்கள் செய்யவேண்டியது. அயலவரின் வீட்டாரைப் பரிசோதிக்க பீ.எச்.ஐ. (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்) வருவார். உங்கள் வீட்டையும் பார்க்கச் சொல்லி நீங்களே கூப்பிடுங்கள். பிள்ளைகளைப் பகல் வெளிச்சத்தில் நிறுத்தி முதுகு, கை, கால் எல்லாம் காட்டுங்கள். அரிக்காத, தொட்டால் தெரியாத தேமல் இருக்கிறதா என்று பார்க்கட்டும். பிறகு நீங்களும் சட்டையைக் கழற்றி நில்லுங்கள்.