ஃபானக் போஸ்ட்டை ஜிஆர்பிஎல் மெஷினுக்குக் கொடுத்தால்

கேள்வி: என்னிடம் பலகை செதுக்கும், மூன்று அச்சு கொண்ட சின்ன சிஎன்சி ரவுட்டர் இருக்கிறது. அதை ஓட்டும் கன்ட்ரோலர் மென்பொருள் ஜிஆர்பிஎல் 1.1, அச்சின் எல்லையை உணரும் லிமிட் சுவிட்ச் கிடையாது. ஃப்யூஷன் வடிவமைப்பு மென்பொருளில் டூல்பாத் (டூல் நகர வேண்டிய பாதை) போட்டு, பட்டியலில் கண்ணில் பட்ட ஃபானக் (தொழிற்சாலை மெஷின்களின் கன்ட்ரோலர்) போஸ்ட் பிராசசரில் ஜி-கோட், அதாவது மெஷினுக்கான கட்டளைகள், எடுத்தேன். 'எரர் 20' என்று நின்றுவிட்டது. சரியான போஸ்ட்டை எப்படி நிறுவுவது? வேறு எதையாவது மாற்ற வேண்டுமா?

பதில்: எரர் 20 என்றால் 'இந்தக் கட்டளை எனக்குத் தெரியாது' என்று அர்த்தம். டூல்பாத் எந்த மெஷினுக்கும் பொதுவானது. அதை இன்ன கன்ட்ரோலருக்குப் புரிகிற மாதிரி எழுதித் தருவதுதான் போஸ்ட்டின் வேலை. ஃபானக் போஸ்ட் டூல் மாற்ற எம்6, டூல் நீளத்துக்கு ஜி43, துளை போட ஜி81, ஜி83 என்று தாராளமாக எழுதும். ஜிஆர்பிஎல்லுக்கு இவற்றில் ஒன்றும் தெரியாது. சிலர் தகராறு செய்யும் வரிகளை மட்டும் அழித்துவிட்டு ஓட்டுவார்கள். ஜி83 வரியை அழித்தால் துளையும் சேர்ந்தல்லவா போய்விடும்! ஜிஆர்பிஎல் போஸ்ட் அதையே சாதாரண ஜி0, ஜி1 நகர்வுகளாகப் பிரித்து எழுதிவிடும்.

நிறுவுவது சுலபம். மேனுஃபாக்சர் பகுதியில் மேனேஜ் மெனு, அதில் போஸ்ட் லைப்ரரி. ஃப்யூஷனின் சொந்தத் தொகுப்பிலேயே ஜிஆர்பிஎல் இருக்கிறது. வேறு எங்கிருந்தாவது போஸ்ட்டை சிபிஎஸ் கோப்பாக இறக்கியிருந்தால் லோக்கல் என்ற இடத்தில் இம்போர்ட் செய்யுங்கள். கோட் எடுக்கும்போது எந்த போஸ்ட்டின் பெயர் நிற்கிறது என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். பழைய ஃபானக்கே அங்கு உட்கார்ந்திருக்கலாம்.

உங்கள் மெஷினில் நான் அதிகம் பயப்படுவது வேறொன்றுக்கு. போஸ்ட்டின் ப்ராப்பர்ட்டி பட்டியலில் 'சேஃப் ரிட்ராக்ட்ஸ்' என்று ஒன்று இருக்கும். அது ஜி28 என்றிருந்தால் நிரலின் தொடக்கத்திலும் முடிவிலும் இசட் அச்சு (மேலும் கீழும் நகர்வது), ஜி28.1 கொண்டு வேறு இடம் எதையும் சேமிக்காதவரை, மெஷின் பூஜ்யத்துக்குப் போகும். லிமிட் சுவிட்ச் வைத்து ஹோமிங் (சுவிட்சைத் தொட்டு மெஷின் தன் இடத்தை அறிவது) செய்த மெஷினில் அது உச்சியில் இருக்கும், ஆபத்தில்லை. உங்களுக்கு ஹோமிங்கே கிடையாது. ஆகவே பவர் போட்ட நேரத்தில் ஸ்பிண்டில் (டூலைச் சுற்றும் மோட்டார்) எங்கே நின்றதோ அதுதான் பூஜ்யம். டூல் பலகையைத் தொட்டபடி பவர் போட்டிருந்தால், 'பாதுகாப்பாக மேலே போ' என்ற கட்டளைக்கு அது பலகை மட்டத்துக்கே இறங்கி வரும். அடுத்த வரியில் பக்கவாட்டில் ஓடும். வழியில் பலகையைப் பிடிக்கும் கிளாம்ப் இருந்தால் டூல் முறிந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஜி53 தேர்ந்தெடுத்தாலும் இதே கதைதான், அதுவும் மெஷின் பூஜ்யத்திலிருந்தே அளக்கும். 'கிளியரன்ஸ் ஹைட்' என்று மாற்றிவிடுங்கள். அப்போது ஒர்க் ஆஃப்செட்டில் நீங்கள் வைத்த பூஜ்யத்திலிருந்து உயரம் கணக்காகும். அந்த உயரம் கிளாம்பைத் தாண்டும் அளவுக்கு இருக்கட்டும்.

ஒவ்வொரு டூலுக்கும் தனித்தனிக் கோப்பாக எடுங்கள். அப்புறம், ஸ்பிண்டில் வேகத்தை கன்ட்ரோலரே கட்டுப்படுத்துகிறது என்றால் $30 அமைப்பைப் பாருங்கள். நிரலில் எஸ் என்று வரும் வேக எண் எவ்வளவு இருந்தால் முழு வேகம் என்பதை அது சொல்லும். தானாக அதில் இருப்பது 1000. நிரலில் எஸ்8000, எஸ்12000 என்று எது கொடுத்தாலும் முழு வேகத்தில்தான் சுற்றும். உங்கள் ஸ்பிண்டிலின் உச்ச வேகத்தை அதில் எழுதுங்கள்.

போஸ்ட்டையே திருத்தும் ஆசை வந்தால், சிபிஎஸ் என்பது வெறும் ஜாவாஸ்கிரிப்ட்தான், எந்த எடிட்டரிலும் திறக்கும். வேறு பெயரில் ஒரு பிரதி எடுத்து அதில் கை வையுங்கள். புதிய கோடின் தொடக்க வரிகளில் ஜி21 (மில்லிமீட்டர் அளவு), ஜி54 (ஒர்க் ஆஃப்செட்) இரண்டும் இருக்கின்றனவா என்று பார்த்துவிட்டு, இசட் பூஜ்யத்தைப் பலகைக்கு மேலே, வெட்டு ஆழத்தைவிட அதிக உயரத்தில் வைத்து, ஒரு கை எமர்ஜென்சி சுவிட்சில் இருக்க, முதல் ஓட்டத்தைக் காற்றிலேயே ஓட்டுங்கள்.