ஒன்பதாம் நாள் இரவில் அவள் எப்படித் தப்பிப்பாள்?

கேள்வி: நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். பாறை ஆய்வுக்காக உயர்ந்த மலைப்பகுதிக்குப் போகும் ஓர் இளம் நிலவியலாளரை ஆயுதக் கும்பல் ஒன்று பணத்துக்காகக் கடத்துகிறது. ஒன்பதாம் நாள் இரவு காவலனின் துப்பாக்கியைப் பிடுங்கி, தோளில் குண்டுக் காயத்தோடு ஓடி, ஓர் ஆற்றின் ஓரமாகவே நான்கு நாள் இறங்கி ராணுவ முகாமை அடைகிறாள். கும்பலில் ஒருவனுக்கும் அவளுக்கும் மெல்லிய காதலும் உண்டு. படித்த தோழி, "சுவாரசியமா இருக்கு, ஆனா நம்பவே முடியல" என்கிறாள். இருநூறு பக்கக் கைப்பிரதியையும் இணைத்திருக்கிறேன். எங்கே தப்பு? (பெயர் வெளியிட விரும்பாத வாசகி)

பதில்: உங்கள் தோழி சொல்வது சரிதான். துப்பாக்கியைப் பிடுங்கும் காட்சிதான் அவரை உறுத்தியிருக்கும் என்று நினைக்கிறேன், ஆனால் அதைவிடப் பெரிய ஓட்டை வேறிடத்தில் இருக்கிறது. உங்கள் கதையில் மலை வெறும் நாடகத் திரையாகப் பின்னால் தொங்குகிறது. நிஜத்தில் அந்த மலைதான் சிறை. எந்தச் சரிவு எங்கே போய் முடியும், எந்த ஓடை பாறை விளிம்பில் அருவியாக விழும், எந்த மேய்ப்பன் வாயைத் திறக்க மாட்டான் என்பதெல்லாம் கடத்தியவனுக்குத் தெரியும், அவளுக்குத் தெரியாது. அதனால்தான் பல முகாம்களில் கயிறுகூடத் தேவைப்படுவதில்லை. அந்த வித்தியாசம் எவ்வளவு குறைகிறதோ அவ்வளவுதான் அவள் தப்பிக்கும் வாய்ப்பு. முதல் எட்டு நாளை நீங்கள் அழுகையிலும் மிரட்டலிலும் செலவழித்துவிட்டீர்கள். அந்த எட்டு நாளில் அவள் அந்த இடத்தைப் பற்றி என்னென்ன தெரிந்துகொண்டாள் என்பதுதான் உங்கள் நாவல்.

டால்ஸ்டாய் 1872இல் வெளியிட்ட 'காகசஸ் கைதி' என்ற சின்னக் கதையை எடுத்துப் படித்துவிடுங்கள், ஒரு மணி நேரம் ஆகாது. மலைவாசிகளிடம் பிடிபட்ட ரஷ்ய அதிகாரி ஜீலின், மூலிகை பறிக்கப் போகிறேன் என்று தன்னைக் காவல் காக்கும் பையனை ஏய்த்து ஒரு குன்றின்மேல் ஏறுகிறான். சூரியன் எந்தப் பக்கம் இறங்குகிறது, மலைத்தொடர்கள் எப்படிப் போகின்றன, தூரத்துச் சமவெளியில் புகை எங்கே எழுகிறது என்று பார்த்து, ரஷ்யக் கோட்டை அங்கேதான் இருக்க வேண்டும் என்று மனதில் குறித்துக்கொள்கிறான். கொட்டகைச் சுவருக்கு அடியில் குழி தோண்டும் நாட்களிலேயே காவல் நாய்க்குச் சாப்பாடு போட்டுப் பழக்கிவிடுகிறான். தப்பிக்கிற இரவில் அது குரைக்காமல் இருக்க வேண்டுமே! பணயத்தொகை கேட்டு வீட்டுக்குக் கடிதம் எழுதச் சொன்னால், ஏழைத் தாயால் கொடுக்க முடியாது என்று தெரிந்து, போய்ச் சேராதபடி தப்பான விலாசம் எழுதுகிறான். இவ்வளவு செய்தும் முதல் முயற்சி தோற்கிறது, காரணம் துப்பாக்கி இல்லை, செருப்புக் கடி மாதிரி ஒரு சமாச்சாரம்: கூட வந்த கஸ்தீலினின் கால்களைப் பூட்ஸ் புண்ணாக்கிவிடுகிறது, அவனால் நடக்க முடியவில்லை, வலியில் கத்துகிறான், ஜீலின் அவனை முதுகில் தூக்கிக்கொண்டு போகிறான், அந்தக் கத்தல் வழியில் போன ஒருவன் காதில் விழுந்து இருவரும் மாட்டிக்கொள்கிறார்கள். 1853இல் டால்ஸ்டாயே செச்சினியாவில் மயிரிழையில் பிடிபடாமல் தப்பியவர் என்பதால் இந்த விவரங்களில் ஒரு நிதானம் தெரியும்.

சரி, கதையை விடுங்கள். 2000 ஆகஸ்டில் கிர்கிஸ்தானின் தெற்கே, பாமிர்-அலாய் மலைகளில் டாமி கால்ட்வெல், பெத் ராடன், ஜேசன் ஸ்மித், ஜான் டிக்கி என்ற நான்கு இளம் அமெரிக்கப் பாறையேறிகள் கடத்தப்பட்டார்கள். செங்குத்துப் பாறையில் தொங்கும் படுக்கைகளில் இருந்தவர்களை உஸ்பெகிஸ்தான் இஸ்லாமிய இயக்கத்தினர் கீழே இருந்து சுட்டு மிரட்டி இறங்க வைத்தார்கள். பகலில் பாறை இடுக்குகளிலும் புதர்களிலும் ஒளிந்து கிடப்பது, இரவில் நடப்பது, சாப்பாடு என்று கிட்டத்தட்ட எதுவுமில்லை. தங்களோடு பிடிபட்ட ஒரு ராணுவ வீரர் கொல்லப்பட்டதும் அவர்களுக்குத் தெரியும். ஆறாவது நாள் இரவு, செங்குத்தான ஒரு சரிவில் ஏறும்போது, அவர்களோடு ஒரே ஒரு காவலன்தான் இருந்தான். சமதரையில் துப்பாக்கி வைத்திருந்த அவன் கை ஓங்கியிருந்தது. அந்தச் சரிவிலோ வாழ்நாள் முழுக்கப் பாறையேறிய அந்த நால்வரின் கை. கால்ட்வெல் அவனைப் பிடித்துத் தள்ளினார். அப்புறம் நால்வரும் ராணுவக் காவல்முகாம் வரை ஓடினார்கள்.

இதில் உங்களுக்கு வேண்டியது அந்தத் தள்ளல் இல்லை. கடத்தியவனைவிடக் கைதிக்கு நன்றாகத் தெரிந்த ஒரு தரைக்கு இருவரும் வந்து சேர்ந்த அந்த நிமிடம்தான். உங்கள் நாயகி ஒரு நிலவியலாளர், அம்மா! பாறையைப் படிக்கத் தெரிந்தவள். இருநூறு பக்கத்தில் ஒரு தடவைகூட அது அவளுக்கு உதவவில்லை என்றால் அவளை ஆசிரியையாகவோ பாடகியாகவோ மாற்றிவிடலாம், கதையில் ஒன்றும் மாறாது. நீர் ஊடுருவும் பாறை ஊடுருவாத பாறையின்மேல் உட்கார்ந்திருக்கும் கோட்டில் ஊற்று கசியும் என்று அவளுக்குத் தெரியும், அது கும்பலுக்கும் தெரியாத தண்ணீராக இருக்கலாம். எந்தச் சரளைச் சரிவு காலடியில் சரிந்து சத்தம் போடும் என்பதும் அவளுக்குத் தெரியும்.

ஆற்றின் ஓரமாகவே இறங்குகிறாள் என்பதை இதனாலேயே மறுபடி யோசியுங்கள். ஆறு கீழேதான் போகும், கீழேதான் ஊர் இருக்கும் என்பது சமவெளிக்காரர்களின் கணக்கு. செங்குத்தான மலையில் ஓடை கடினமான பாறைப் பட்டையைக் கடந்து, அதற்குக் கீழே மென்மையான பாறையை அரித்துவிட்ட இடத்தில் அருவியாக விழும், இரண்டு பக்கமும் சுவர்போல நிற்கும் பள்ளத்தில் திரும்பி ஏறவும் முடியாது. ஒரு நிலவியலாளர் இதில் போய் மாட்டக்கூடாது. தவிர, தேடுகிறவனும் முதலில் ஆற்றோரம்தான் தேடுவான். 1995 ஜூலையில் காஷ்மீரில் பஹல்காமுக்கு மேலே உள்ள மலைகளில் அல்-ஃபரான் என்ற குழு வெளிநாட்டு மலைநடைப் பயணிகளைக் கடத்தியபோது, ஜான் சைல்ட்ஸ் என்ற அமெரிக்கர் வயிற்றுப்போக்கைக் காரணம் காட்டி இரவில் பலமுறை வெளியே போய்வந்து காவலர்களைப் பழக்கப்படுத்திவிட்டு, ஒரு முறை போனவர் திரும்பவே இல்லை. கீழே இறங்குவார் என்றுதான் தேடுவார்கள் என்று மேல்நோக்கி ஏறினார். கடைசியில் ஹெலிகாப்டர் ஒன்று அவரைக் கண்டு மீட்டது. மற்றவர்களில் ஒருவர் கொல்லப்பட்டார், நான்கு பேர் திரும்பி வரவே இல்லை. தப்பித்தவரின் கதையை எழுதும்போது பின்னால் விடப்பட்டவர்களையும் மறக்காதீர்கள், உங்கள் நாவலில் அவளோடு கடத்தப்பட்ட ஓட்டுநர் மூன்றாம் அத்தியாயத்துக்குப் பிறகு காணாமலே போய்விட்டாரே?

நேரக் கணக்கையும் சரி செய்யுங்கள். ஸ்காட்லாந்து மலையேறி நெய்ஸ்மித் 1892இல் சொன்ன விதி இன்றும் புழக்கத்தில் இருக்கிறது: மணிக்கு 5 கிலோமீட்டர், அதோடு ஒவ்வொரு 600 மீட்டர் ஏற்றத்துக்கும் ஒரு மணி நேரம் கூடுதல். அது பகலில், பாதையில், வயிறு நிறைந்த ஆளுக்கு. பசியோடு, பாதையில்லாமல், நிலவில்லாத இரவில் நடப்பவளுக்கு அதில் பாதிகூடக் கொடுக்காதீர்கள். ஒவ்வொரு 1000 மீட்டர் உயரத்துக்கும் வெப்பம் சுமார் 6.5 டிகிரி குறையும். இரவில் குளிர்ந்த காற்று சரிவிலிருந்து இறங்கிப் பள்ளத்தாக்கில் தேங்குவதால், ஆற்றங்கரையைவிட நடுச்சரிவில் படுப்பது கதகதப்பு. காற்று பகலில் மேல்நோக்கியும் இரவில் கீழ்நோக்கியும் வீசும், ஆகவே மேலே ஒளிந்திருப்பவளுக்குக் கீழே சமைக்கும் புகை பகலில் மூக்கில் ஏறும், இரவில் ஏறாது. பனி உருகி ஓடும் ஆறு பிற்பகலில் பெருகி விடியலில்தான் வடியும், கடப்பதாக இருந்தால் விடியற்காலையில் கடக்கட்டும். கடந்து நனைந்துவிட்டால் அடுத்த காட்சி துரத்தல் இல்லை, நடுக்கம். உடல்வெப்பம் 35 டிகிரிக்குக் கீழே போனால் பேச்சு குழறும், முடிவுகள் கோணலாகும். அதற்கும் கீழே போய் நடுக்கம் நின்றுவிட்டால் அது தேறிவிட்டாள் என்பதன் அடையாளமில்லை, ஆபத்து. பசியைப் பற்றி அதிகம் எழுதியிருக்கிறீர்கள், ஆனால் பசியில் வாரக்கணக்கில் உயிரோடு இருக்கலாம், குளிர் ஓர் இரவிலேயே முடித்துவிடும்.

கடத்தல் என்றால் பெரும்பாலும் காத்திருப்பு. அந்தச் சலிப்பை நீங்கள் தொடவே இல்லை. நடிகர் ராஜ்குமாரை 2000 ஜூலை 30 அன்று வீரப்பன் கடத்திக் காட்டுக்குள் வைத்திருந்தது 108 நாள், அப்போது அவருக்கு வயது 71. அதில் பெரும்பகுதி தூதர்கள் வருவதும் போவதும், ஒலிநாடாக்கள் அனுப்பப்படுவதும்தான். கொலம்பியாவில் 1994இலிருந்து ஒரு வானொலி நிகழ்ச்சி, காட்டிலும் மலையிலும் பிணையாக இருப்பவர்களுக்குக் குடும்பத்தார் சொல்லும் செய்திகளை ஞாயிறு அதிகாலைகளில் ஒலிபரப்பிவந்தது. தொடங்கிய எர்பின் ஓயோஸ் என்ற செய்தியாளர் தானும் கடத்தப்பட்டு, முகாமில் வேறொரு கைதியைச் சந்தித்தவர். மகள் தேர்வில் தேறிவிட்டாள், மாடியில் கசிவு நின்றுவிட்டது என்கிற மாதிரி சாதாரண வீட்டுச் செய்தியைக் காவலனின் ரேடியோவில் கேட்டுக்கொண்டு, பதில் சொல்ல வழியில்லாமல் ஒரு கைதி உட்கார்ந்திருப்பதை யோசித்துப் பாருங்கள். எனக்கு உங்கள் துப்பாக்கிச் சண்டை வேண்டாம், இந்த மாதிரி ஒரு பக்கம் கொடுங்கள்.

காதலை வெட்டிவிடுங்கள், யோசிக்கவே வேண்டாம். 1973இல் ஸ்டாக்ஹோம் வங்கி ஒன்றில் ஆறு நாள் நடந்த முற்றுகையிலிருந்து 'ஸ்டாக்ஹோம் சிண்ட்ரோம்' என்று, பிணையாளிக்குக் கடத்தியவன்மேல் பற்று வருவதற்கு ஒரு பெயர் பிறந்து, அதைச் சாக்காக வைத்து எழுத்தாளர்கள் எல்லாக் கடத்தல்காரர்களையும் காதலனாக்கிவிட்டார்கள். உயிர் அடுத்தவன் கையில் இருக்கும்போது சிரித்துப் பேசுவதும் பெயரைக் கேட்டு வைத்துக்கொள்வதும் பிழைக்கும் வழி. ஜீலினும் அந்த வீட்டுச் சிறுமி தீனாவுக்குக் களிமண் பொம்மை செய்து தருகிறான், கடைசியில் குழிக்குள் கழியை இறக்கி அவனைக் காப்பாற்றுவது அவள்தான், அங்கே காதல் எதுவும் இல்லை. உங்கள் இளைஞனை அப்படியே வைத்துக்கொள்ளலாம், அவனும் அந்தக் குளிரில் நடுங்குகிறவன்தான், ஒருவேளை ஊருக்குப் போக ஆசைப்படுகிறவன். அவள் அவனிடமிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது வழி பற்றி அவன் வாய் தவறிச் சொல்லும் இரண்டு வாக்கியம்.

ராணுவ முகாமோடு நாவலை முடிக்கிறீர்கள், அதுவும் அவசரம். ஒரு மனிதனைக் கொன்றுவிட்டோம் என்ற எண்ணத்தோடுதான் கால்ட்வெல் வீடு திரும்பினார். தள்ளப்பட்ட காவலன் உயிரோடு இருந்த செய்தி பிறகுதான் வந்தது. இடைப்பட்ட அந்தக் காலம் எப்படி இருந்திருக்கும் என்பது ஒரு தனி நாவலுக்குப் போதும், உங்களுக்கு ஓர் அத்தியாயமாவது வேண்டும்.

அப்புறம் அந்தத் தோள் குண்டு. இரத்தம் போனவள் குளிரில் இன்னும் சீக்கிரம் சாய்வாள், ஒரு கையால் பாறைச் சரிவில் இறங்க முடியாது, நான்காம் நாள் வரை காயம் சீழ் பிடிக்காமலும் இருக்காது. வேண்டாம். கணுக்காலில் ஒரு சுளுக்கும், அளவு சேராத பூட்ஸும் கொடுங்கள், நான்கு நாளை இரண்டு நாளாகக் குறைத்துவிட்டு, முகாமுக்கான தூரத்தையும் அதற்கேற்பக் குறைத்துக்கொள்ளுங்கள்.